துரைக்கு ஒரு தலைவர் தேவை

தேவை: ஊர்த் தலைவர் ஒருவர். பரம்பரை இருந்தால் விசேஷம். இல்லாவிட்டால் பாதகமில்லை, கச்சேரியில் எழுதித் தரப்படும். சொந்த ஜனங்களிடம் வரி பிரித்துக் கட்ட வேண்டும். அடிப்பது உங்கள் பொறுப்பு. அடிக்கச் சொன்னது யார் என்று வெளியே சொல்லக் கூடாது. சம்பளம் அற்பம். வரும்படி உங்கள் சாமர்த்தியம். ஓய்வு பெறத் தேவையில்லை, இறந்த பிறகு மகன் வந்தால் போதும்.

வெள்ளைக்காரன் இப்படி ஒரு விளம்பரத்தை எந்தப் பத்திரிகையிலும் கொடுத்ததில்லை. கொடுக்க வேண்டிய அவசியம் வந்ததில்லை. ஆட்கள் முன்னாலேயே தலைப்பாகையைக் கட்டிக்கொண்டு வாசலில் நின்றார்கள்.

படப்பையில் இன்றும் ஒரு பேச்சு உண்டு. வண்டலூர்–வாலாஜாபாத் சாலையில் கண்டெய்னர் லாரி நெருக்கித் தள்ளும்போதும், குப்பை எடுக்க ஆள் வராதபோதும், தெருவிளக்கு எரியாதபோதும் யாராவது ஒரு பெரியவர் பெருமூச்சு விடுவார்: “என்ன இருந்தாலும் மணியக்காரர் ஐயா இருந்த காலத்துல ஊரு ஒரு கட்டுல இருந்துச்சுப்பா.” சுற்றி நிற்கிறவர்கள் தலையாட்டுவார்கள். அவர்களில் பாதிப் பேர் ஒரகடம் கம்பெனிகளுக்கு வேலைக்கு வந்து இங்கே குடியேறியவர்கள். எந்த ஊர் மணியக்காரரையும் கண்ணால் கண்டதில்லை. பார்க்காத ராஜாவுக்கு விசுவாசம் காட்டுவதில் நம்மை மிஞ்ச ஆள் கிடையாது.

ஊர் ஒரு கட்டில் இருந்தது உண்மைதான். யாருடைய காலைக் கட்டி வைத்திருந்தார்கள் என்பதை மட்டும் பெருமூச்சில் சேர்க்க மறந்துவிடுகிறார்கள்.

சட்டத்தின் எண்ணைச் சொல்லியே பேசலாம். சென்னை ராஜதானியின் 1816ஆம் வருஷத்துப் பதினோராவது ரெகுலேஷன். கிராமத்து விவகாரத்தைக் கிராமத்தானே பார்த்துக்கொள்ளட்டும் என்று தாமஸ் மன்றோ துரை பெரிய மனசு வைத்துக் கொண்டுவந்த ஏற்பாடுகளில் ஒன்று. அதன்படி ஊர்த் தலைவரான மணியக்காரர்தான் ஊர்ப் போலீசுக்கும் தலைவர். வாய்ச்சண்டை, சில்லறை அடிதடி என்று வந்தால், தப்பு செய்தவனைச் சாவடியில் பன்னிரண்டு மணி நேரம் வரை அடைத்து வைக்கலாம். தப்பு செய்தவன் கீழ்ச்சாதிக்காரனா? அப்படிப்பட்ட இழிவு அவனுக்குப் பொருந்தும் என்று பட்டால், தொழுமரத்துத் துளைகளில் காலை மாட்டி ஆறு மணி நேரம் வரை உட்கார வைக்கலாம். வைதது ஒரே வசவு, அடித்தது ஒரே அடி. ஒருவனுக்குச் சாவடி நிழல், இன்னொருவனுக்குக் கட்டைத் துளை. மனுதர்மத்தைத் தேடி யாரும் காசிக்குப் போக வேண்டியதில்லை, கோட்டையிலேயே அச்சடித்துக் கொடுத்தார்கள்.

அதே வருஷத்து நான்காவது ரெகுலேஷன் அவரை முன்சீப்பாகவும் ஆக்கியது. பத்து ரூபாய் வரையிலான வழக்குகளை அவரே விசாரித்துத் தீர்ப்புச் சொல்லலாம். கிஸ்தி பிரிப்பவர் அவர், நீதிபதி அவர், காலை மாட்டுகிறவரும் அவர். கணக்கெழுதப் பக்கத்தில் கர்ணம், ஓடியாடத் தலையாரி, தண்டோரா போடவும் பிணம் எரிக்கவும் வெட்டியான். கோட்டையில் இருந்த ராஜாங்கத்தை அப்படியே மடித்து ஒரு சாவடிக்குள் வைத்துவிட்டார்கள். நீதி கேட்டுப் போகிறவன் தன்னை அடித்தவரிடமே போய், அடித்தது நியாயமா என்று கேட்டுக்கொள்ளலாம். அலைச்சல் மிச்சம்.

இந்த வித்தையை வெள்ளைக்காரன் நம்மிடம் மட்டும் காட்டவில்லை. பசிபிக் கடலில் பிஜி என்று ஒரு தீவுக்கூட்டம். 1874 அக்டோபர் 10ஆம் தேதி லெவுகா என்ற ஊரில் தாக்கொம்பாவ் என்கிற பெருந்தலைவர், மற்றத் தலைவர்களோடு சேர்ந்து, தீவுகள் மொத்தத்தையும் விக்டோரியா மகாராணிக்கு எழுதிக் கொடுத்தார். கூடவே தம்முடைய போர்த் தண்டத்தையும் அனுப்பி வைத்தார். மகிழ்ந்துபோன வெள்ளைக்காரர்கள் அவரைச் சிட்னிக்கு அழைத்துப் போய் உபசரித்தார்கள். அவர் திரும்பிய கப்பலில் தட்டம்மையும் வந்து இறங்கியது. புது ஆட்சியைப் பற்றிப் பேசக் கூடிய தலைவர்கள் அவரவர் தீவுக்கு அதைக் கையோடு கொண்டுபோனார்கள். 1875இல் ஏறக்குறைய 40,000 பேர் மாண்டார்கள். மொத்த ஜனத்தொகையில் நாலில் ஒரு பங்குக்குக் குறையாது. தண்டம் மட்டும் 1932இல் சொந்த ஊர் திரும்பியது, சட்டசபைச் செங்கோலாக. செங்கோல் என்றால் எந்த நாட்டிலும் உடம்பு சிலிர்க்கத்தான் செய்கிறது, கோல் இங்கே வந்துவிட்டால் குடி எங்கே போனதென்று யார் கேட்கிறார்கள்.

அங்கே போய் உட்கார்ந்த கவர்னர் ஆர்தர் கார்டன் துரை நல்ல மனுஷர் என்று பெயரெடுத்தவர். பிஜிக்காரர்களின் பழைய வழக்கத்தைக் குலைக்கக் கூடாது என்று உருகினார். பழைய வழக்கம் என்னவென்று தலைவர்களையே கேட்டு எழுதிக்கொண்டார். தலைவர்கள் என்ன சொல்லியிருப்பார்கள் என்று ஊகிக்கப் பெரிய மூளை வேண்டாம். தலைவர்களுக்கென்று ஒரு பெருஞ்சபை, மாகாணத்துக்கு ஒரு ரோகோ, வட்டத்துக்கு ஒரு புலி. புலி என்பது அங்கே உத்தியோகத்தின் பெயர். பாய்ச்சலெல்லாம் சொந்தக் குடிகள் மேல்தான். சாதாரணப் பிஜிக்காரன் தன் கிராமத்தை விட்டுப் போய்ப் பிழைக்க நினைத்தாலும் அனுமதி வாங்க வேண்டும். அவனுக்கு வாக்குச்சீட்டு கிடைத்தது 1963இல். அதுவரை அவன் சார்பில் தலைவர்கள் கூடி யோசித்து, தலைவர்களையே தேர்ந்தெடுத்து அனுப்பினார்கள்.

அந்தத் தலைவர் கூட்டத்தின் மணிமகுடம் ராத்து லாலா சுகுனா. 1888இல் பிறந்தவர், ஆக்ஸ்போர்டில் படித்தவர். முதல் உலகப்போரில் பிரிட்டிஷ் படையில் சேரப் போனார். தோலைப் பார்த்துத் திருப்பி அனுப்பினார்கள். பிரெஞ்சு அந்நியர் படையில் சேர்ந்து போரிட்டு, காயம்பட்டு, வீரப்பதக்கத்தோடு திரும்பினார். தன்னைச் சிப்பாயாகக்கூடச் சேர்க்காத அரசாங்கத்துக்கு ஆயுள் முழுக்க உழைத்தார். சர் பட்டம் வாங்கினார். சட்டசபையின் முதல் சபாநாயகராக உட்கார்ந்தார். 1958இல் இறந்தார். அவமானத்தை விழுங்கிவிட்டு அவமானப்படுத்தியவனுக்கே மேஜை துடைக்க இப்படி ஒரு கல்வியும் வீரமும் வேண்டியிருக்கிறதே என்று நினைக்கும்போது, நம் ராவ் பகதூர்கள் எவ்வளவு மலிவாகப் போனார்கள் என்பது புரிகிறது.

ஆனால் சுகுனாவுக்குச் சேர வேண்டியதைக் கொடுத்துவிட வேண்டும். பிஜிக்காரர்களின் நிலம் வெள்ளை முதலாளி கையிலோ வேறு யார் கையிலோ விலைபோய்விடாதபடி ஒரு வேலியைப் போட்டார் அந்த மனிதர். தலைவர்களை 1936இல் சம்மதிக்க வைத்து, 1940இல் நில அறக்கட்டளை வாரியத்தை அமைத்தார். இன்றைக்கும் அந்நாட்டு நிலத்தில் ஐந்தில் நான்கு பங்குக்கு மேல் குலங்களின் பெயரில் இருக்கிறது. விற்க முடியாது, குத்தகைக்குத்தான் விடலாம். குத்தகைப் பணத்தில் வாரியத்தின் பங்கு போக மீதியில் 30 சதவீதம் மூன்று படித் தலைவர்களின் பைக்குப் போனது என்பதும், வெகு காலம் கழித்துத்தான் அதை எல்லாருக்கும் சமபங்காக்கினார்கள் என்பதும் தனிக்கதை. தலைவர்கள் தின்றார்கள், ஆனால் வயலை விற்றுத் தின்னவில்லை. செங்கல்பட்டுச் சீமையில் இதைச் சொல்லிக்கொள்ளத் தகுதியுள்ள ஒரு தலைவர் பரம்பரையைக் காட்டுங்கள், நான் படப்பைக் கூட்ரோட்டில் மாலையோடு நிற்கிறேன்.

அப்போலோசி நவாய் என்று ஒரு சாமானியன் அந்த நாட்டில் கிளம்பினான். நம் வாழைப்பழத்தை நாமே விற்போம், நடுவில் வெள்ளை வியாபாரி எதற்கு என்று ஊர் ஊராகப் போய்ப் பேசி, பிஜிக்காரர்களுக்கென்று ஒரு கம்பெனியே ஆரம்பித்தான். 1917இல் அவனை ரொட்டுமா தீவுக்கு நாடு கடத்தினார்கள். திரும்பி வந்தான், திரும்பவும் கடத்தினார்கள். பரம்பரை இல்லாதவன் தலைவனானால் அதற்குப் பெயர் கலகம். இது பிஜிச் சட்டம் மட்டுமல்ல.

கரும்பு வெட்ட ஆள்? குடிகளைக் கிராமத்தை விட்டு நகரவிடாமல் ‘பாதுகாத்த’ பிறகு தோட்டத்துக்கு ஆள் வேண்டுமே. 1879 முதல் 1916 வரை நம்மவர்கள் அறுபதாயிரம் பேரைக் கப்பலேற்றினார்கள். 1903 முதல் மதராஸ் துறைமுகத்திலிருந்தும் கப்பல் போனது. வடாற்காட்டிலும் சுற்று வட்டாரங்களிலும் ஆள் பிடித்தார்கள். ஊர்த் தலைவருக்குப் பயந்து ஓடியவன், இன்னொரு ஊர்த் தலைவரின் நிலத்தில், இன்னொரு வெள்ளைக்காரக் கம்பெனிக்குக் கரும்பு வெட்டினான். எங்கே போனாலும் ஒரு ஐயா முன்னால் போய் உட்கார்ந்திருக்கிறார்.

சரி, நம் மண்ணுக்கு வருவோம். இந்தப் படப்பையும், பக்கத்தில் ஒரு பர்கனாவுக்கே பெயர் கொடுத்த மணிமங்கலமும் கும்பினி ஜாகீருக்குள் அடங்கியவை. ஆற்காட்டு நவாப் முகமது அலி பட்ட கடனுக்கும் படை உதவிக்கும் ஈடாக 1763இல் கும்பினிக்குக் கொடுத்த சீமை. தாமஸ் பர்னார்ட் என்ற இன்ஜினியர் 1767இல் ஆரம்பித்து ஏழு வருஷம் இரண்டாயிரத்துக்கும் மேற்பட்ட ஊர்களை அளந்தார். ஊருக்கு ஊர் வீடு எத்தனை, ஏரி எத்தனை, மானியம் யாருக்கு, விளைச்சலில் பங்கு யாருக்கு என்று ஓலையில் கணக்கு எடுத்தார்கள். வெள்ளைக்காரன் எந்த ஊருக்குப் போனாலும் முதலில் அளப்பான். இரண்டாவதாக, இதெல்லாம் யாருடையது என்று கேட்பான். அந்த இரண்டாவது கேள்விக்குத்தான் காணியாட்சிக்காரர்கள், அதாவது மிராசுதாரர்கள், காத்திருந்தார்கள். “எங்களுடையது துரையே, ஆதி தொண்டைமான் காலத்திலிருந்து.” ஊர் நிலம், தோப்பு, ஏரி மீன், தரிசு, நத்தம் எல்லாம். சேரிக் குடிசை நிற்கும் மண்கூட.

1794இல் லியோனல் பிளேஸ் துரை கலெக்டராக வந்தார். மதுராந்தகத்துக்காரர்களைக் கேட்டால் இவர் பெரிய பக்தர். உடையப் போன ஏரிக்கரையில் மழை இரவில் ராமரும் லட்சுமணரும் வில்லேந்திக் காவல் நிற்பதைக் கண்டு, தாயார் சன்னதி கட்டிக் கொடுத்தார் என்பார்கள். பூந்தமல்லி மிராசுதாரர்களைக் கேட்டிருந்தால் வேறு கதை சொல்லியிருப்பார்கள். அவர் கேட்ட வரிக்கு அவர்கள் இணங்காமல் முரண்டு பிடித்தபோது மிராசையே பிடுங்கி வேறு ஆட்களுக்குக் கொடுத்தவர் அவர். ஆதி தொண்டைமான் காலத்து உரிமை ஒரு கலெக்டரின் கையெழுத்தில் பறந்தது. இதில் இருந்த பாடத்தை மிராசுதாரர்கள் உடனே படித்துக்கொண்டார்கள்: தொண்டைமான் செத்துப்போய்விட்டான், இனிமேல் கலெக்டர்தான் தொண்டைமான். அதன் பிறகு இந்தச் சீமையில் விசுவாசத்துக்குப் பஞ்சமே வரவில்லை. பின்னால் எல்லிஸ் துரை மிராசு உரிமை பற்றிப் பதினேழு கேள்விகளுக்குப் பதிலாக ஒரு புத்தகமே எழுதி 1818இல் அச்சேற்றினார். திருக்குறளை ரசித்த நல்ல தமிழ் அபிமானி. அவர் ஓலைகளைப் புரட்டி எடுத்துக் கொடுத்த ‘தொன்மை’யை வைத்துக்கொண்டு நூறு வருஷம் கச்சேரிகளில் வழக்காடினார்கள்.

வசூல் எப்படி நடந்தது என்பதற்கும் அரசாங்கத்தின் சொந்த அறிக்கையே இருக்கிறது. சென்னை ராஜதானியில் சித்திரவதை நடக்கிறதா என்று விசாரிக்க மூன்று வெள்ளைக்காரர்கள் கொண்ட கமிஷன் போட்டார்கள். 1855இல் அறிக்கை வந்தது. கிட்டி என்றால் இரண்டு கட்டைகளுக்கு நடுவில் விரல்களை வைத்து நசுக்குவது. அண்ணாந்தாள் என்றால் கழுத்தையும் கால் கட்டைவிரலையும் கயிற்றால் இழுத்துக் கட்டி வெயிலில் குனிய வைப்பது. முதுகில் கல்லையும் ஏற்றுவார்கள். எல்லாம் நிலவரி பாக்கிக்காக. செய்தவர்கள் தாசில்தாரின் சேவகர்கள், கிராமத்து உத்தியோகஸ்தர்கள். கமிஷன் நடந்ததை ஒளிக்கவில்லை, கொடுமை என்றே எழுதியது. யார் காரணம் என்ற இடத்துக்கு வந்ததும்தான் அதன் பேனா பக்குவமாக வளைந்தது: குற்றம் உள்நாட்டுச் சிப்பந்திகளுடையது, மேலே உள்ள ஆங்கிலேயக் கனவான்களுக்கு இதில் சம்பந்தமில்லை, இதை அவர்கள் வெறுக்கிறார்கள்.

ஒரு தலைவரை எதற்காகச் சம்பளம் கொடுத்து வைத்துக்கொள்கிறார்கள் என்பதற்கு இதைவிட நல்ல விளக்கம் எனக்குக் கிடைக்கவில்லை. பணம் மேலே போக வேண்டும், பழி கீழேயே தங்க வேண்டும். துரையின் கை சுத்தமாக இருக்க இன்னொருவன் கை இருக்க வேண்டும். அந்தக் கையில் மோதிரம் போட்டுவிட்டால் அது எதையும் செய்யும்.

அந்தக் கைக்கு இன்னொரு பெரிய அதிகாரமும் இருந்தது. ‘இல்லை’ என்று சொல்லும் அதிகாரம். 1891இல் செங்கல்பட்டுக் கலெக்டராக இருந்த திரமென்ஹீர் துரை, இந்த மாவட்டத்துப் பறையர் மக்களின் நிலை பற்றி அரசாங்கத்துக்கு ஒரு குறிப்பு எழுதினார். துரைமார்களில் அபூர்வமாக ஒருவருக்குக் கண் தெரிந்தது. அவர் கண்டது இதுதான்: ஊரில் தரிசு கிடக்கிறது. உழுகிறவன் தர்காஸ்து மனு போட்டு அதைக் கேட்கிறான். சட்டப்படி மிராசுதாரருக்கு முதல் உரிமை. மனு போன அன்றைக்குத்தான் மிராசுதாரருக்கு அந்தத் தரிசின் மேல் திடீர்ப் பாசம் பொங்கும். எனக்கு வேண்டும் என்பார். வாங்கிப் போட்டு மறுபடி தரிசாகவே விடுவார். அவருக்கு நிலம் வேண்டியதில்லை, அவனுக்கு இல்லாமலிருக்க வேண்டும், அதுதான் வேண்டும். சொந்தமாக அரைக்காணி உள்ளவன் நாளைக்குப் படியாளாக நிற்பானா? குடியிருக்கும் குடிசை மண்ணும் மிராசுதாரருடையது என்பதால், மனு போட்டவன் வீட்டைப் பிரித்துப் போட்டு ஊரைவிட்டுத் துரத்தவும் தடையில்லை. அவனுடைய கடனோ தலைமுறைக் கடன்; அப்பன் கல்யாணத்துக்கு வாங்கியதற்குப் பேரன் ஏர் பிடிப்பான்.

1892இல் அரசாணை வந்தது. ஒடுக்கப்பட்ட மக்களுக்குத் தரிசு நிலம் கொடுப்பது, பத்து வருஷம் யாருக்கும் விற்கக் கூடாது, பிறகும் அவர்களுக்குள்ளேயே தவிர வேறு யாருக்கும் விற்கக் கூடாது, விற்றால் செல்லாது. பஞ்சமி நிலம் என்று நாம் சொல்வது இதைத்தான். அரசாணையை நிறைவேற்ற வேண்டியது யார்? மணியக்காரர். கணக்கில் ஏற்ற வேண்டியது? கர்ணம். அவர்கள் யாருடைய மாமன், மச்சான்? இதற்கு மேல் நான் விளக்க வேண்டுமா?

மூன்றே வருஷத்தில், 1895இல், பரம்பரைக் கிராம உத்தியோகச் சட்டம் வந்தது. மணியமும் கர்ணமும் ரத்த சம்பந்தத்தில் இறங்கும் என்று எழுத்தில் உறுதியாயிற்று. நிலத்தைக் கொடு என்று ஒரு தாள், கொடுக்காதவனின் மகனும் பேரனும் அதே நாற்காலியில் உட்காரலாம் என்று இன்னொரு தாள், இரண்டும் ஒரே கோட்டையிலிருந்து. அரசாங்கத்துக்கு மனசாட்சி என்று ஒன்று இருந்தால் அதற்கும் பரம்பரைக் கர்ணம் ஒருவர் கணக்கெழுதியிருப்பார்.

தொழுமரத்தில் கால் மாட்டி உட்கார்ந்தவர்களின் பக்கமிருந்தும் ஆள் வந்தார். செங்கல்பட்டு மாவட்டத்துக் கோழியாளத்தில் பிறந்த இரட்டைமலை சீனிவாசன் மதராஸ் சட்டசபையில் பேசி, பொதுத்தெருவும் பொதுக்கிணறும் எல்லாருக்கும் பொது என்று 1924இல் தீர்மானம் நிறைவேற்ற வேண்டியிருந்தது. பொது என்று பெயருள்ள ஒன்றைப் பொது என்று சட்டசபை கூடிச் சொல்ல வேண்டிய அழகான, கட்டுக்கோப்பான காலம் அது. அதைத்தான் பெருமூச்சு விட்டு நினைத்துக்கொள்கிறோம்.

சுதந்திரம் வந்தது. மணியக்காரர் போகவில்லை. கதர் கட்டிக்கொண்டார். அரசு வேலை வம்சாவளியாக வருவது அரசியல் சட்டத்துக்கு விரோதம் என்று 1960இல் உச்ச நீதிமன்றம் ஆந்திராவிலிருந்து வந்த வழக்கில் சொன்னது. அதன் பிறகும் நாற்காலி கை மாறவில்லை. கடைசியில் 1980 நவம்பர் 14ஆம் தேதி, எம்.ஜி.ஆர். அரசு ஒரே அவசரச் சட்டத்தில் சுமார் 23,000 கிராம உத்தியோகங்களை ஒழித்தது. ஊர் ஊராக ஒப்பாரி. உச்ச நீதிமன்றம் வரை போனார்கள். 1982இல் ஒழித்தது ஒழித்ததுதான் என்று தீர்ப்பு வந்தது. மணியக்காரர் இருந்த இடத்துக்குப் பரீட்சை எழுதி வி.ஏ.ஓ. வந்தார். எந்த ஊர்க்காரரோ, எந்தச் சாதியோ, நாளைக்கு மாற்றல் வந்தால் போய்விடுவார். ஊர்ப் பெரியவர்களுக்கு இவர்மேல் இருக்கிற வெறுப்பு லஞ்சத்தால் வந்தது என்று நினைக்காதீர்கள். லஞ்சம் ஐயா காலத்திலும் உண்டு. அதற்கு மரியாதை என்று பேர். இவரிடம் அவர்கள் பொறுத்துக்கொள்ள முடியாதது, சேரிப் பையனும் பரீட்சை எழுதி இந்த நாற்காலியில் உட்கார்ந்து, பட்டாவுக்கு வந்தவரை “உக்காருங்க” என்று சொல்லிவிட முடியும் என்பதுதான்.

உத்தியோகம் போனால் என்ன, உள்ளூர் அரசருக்கு வேலையா இல்லை? துரை மாறினார், அவ்வளவுதான். இப்போதைய துரை கொரியாவிலிருந்தும் ஜப்பானிலிருந்தும் பிரான்சிலிருந்தும் ஒரகடத்துக்கும் ஸ்ரீபெரும்புதூருக்கும் வருகிறார். அவருக்கும் உள்ளூரில் ஓர் ‘அண்ணன்’ தேவைப்படுகிறார். ஸ்கிராப் எடுக்க, ஆள் சப்ளை பண்ண, கேன்டீனுக்கு, வண்டி ஓட்ட, போராட்டம் என்று யாராவது வாசலில் உட்கார்ந்தால் பேசி அனுப்ப. சங்கம் வைக்கிற தொழிலாளியின் காலை மாட்டத் தொழுமரம் தேவையில்லை. காண்ட்ராக்டை ரத்து செய்தால் போதும். துரைக்கு இதில் சம்பந்தமில்லை. அவருடைய இணையதளத்தில் மனித உரிமைக் கொள்கை பதினான்கு மொழிகளில் இருக்கும்.

அண்ணனுக்குப் பிறந்த நாள் வந்தால் சாலையின் இரண்டு பக்கமும் பிளெக்ஸ். சிங்கம், புலி, பின்னால் எரிமலை, நடுவில் அண்ணன். மன்னரே, மண்ணின் மைந்தரே, வருங்காலமே! ராவ் பகதூர் பட்டம் வாங்க அந்தக் காலத்து ஐயா கலெக்டர் துரைக்கு எத்தனை கூடை மாம்பழம் அனுப்பினார்! இப்போது சதுர அடிக்கு இத்தனை ரூபாய் என்று கொடுத்தால் சக்கரவர்த்தியே ஆகலாம். அண்ணனின் திருவருளால் ஏரி வரத்துக்கால்வாய் மனையாகிறது, மனை அவென்யூ ஆகிறது. 2015 டிசம்பரில் அடையாறு திரும்பி வந்து முடிச்சூரிலும் வரதராஜபுரத்திலும் தன் பழைய இடத்தைத் தேடியபோது, மொட்டை மாடியில் நின்ற ஜனங்களை மீட்கப் படகு வந்தது. மனை போட்டுக் கொடுத்த மன்னர்கள் அடுத்த வாரம் பிரெட் பாக்கெட் கொடுத்தார்கள், தங்கள் படம் ஒட்டி.

இதற்கு நடுவில் நிஜமாகவே ஓட்டுப் போட்டுத் தேர்ந்தெடுத்த தலைவர் ஒருவர் இருக்கிறார், ஊராட்சி மன்றத் தலைவர். பெண்ணாக இருந்தால் கையெழுத்து அம்மாவுடையது, கையெழுத்துப் போடச் சொல்லும் விரல் வீட்டுக்காரருடையது. தலித்தாக இருந்தால் நாற்காலியே சந்தேகம். 2020இல் கும்மிடிப்பூண்டிப் பக்கம் ஆத்துப்பாக்கத்தில் தலைவியைச் சுதந்திர தினத்தன்று கொடியேற்ற விடவில்லை. அதே வருஷம் கடலூர் மாவட்டம் தெற்குத்திட்டையில் தலைவியைத் தரையில் உட்கார வைத்துக் கூட்டம் நடத்தினார்கள். மேலூர்ப் பக்கம் மேலவளவில் தலைவராக வென்ற முருகேசனையும் உடன் வந்த ஐந்து பேரையும் 1997 ஜூன் 30ஆம் தேதி பட்டப்பகலில் வெட்டிக் கொன்றார்கள். அப்போலோசிக்குக் கிடைத்தது ஒரு தீவு. இங்கே அந்தச் செலவுகூட வைத்துக்கொள்வதில்லை.

பஞ்சமி நிலம் என்ன ஆயிற்று? அந்தக் கேள்வியைச் செங்கல்பட்டுச் சீமையில் உரக்கக் கேட்டவர்கள் காரணை ஊர்க்காரர்கள். தங்கள் பாட்டன்களுக்கு என்று கொடுத்த நிலம் எப்படி அடுத்தவர் பெயருக்குப் போனது என்று கேட்டு நிலத்தில் இறங்கினார்கள், அம்பேத்கர் சிலை வைத்தார்கள். போலீஸ் அப்புறப்படுத்தியது. நியாயம் கேட்டுச் செங்கல்பட்டில் திரண்ட கூட்டத்தின் மேல் 1994 அக்டோபர் 10ஆம் தேதி துப்பாக்கிச் சூடு நடந்தது. ஜான் தாமஸும் ஏழுமலையும் செத்தார்கள். லெவுகாவில் தாக்கொம்பாவ் கையெழுத்துப் போட்டு அன்றோடு சரியாக 120 வருஷம். அங்கே அது தேசிய தினம், பள்ளிக்கூடத்துக்கு லீவு. இங்கே எந்த மணியக்காரரும் அன்றைக்குப் பதவியில் இல்லை. பதவியை ஒழித்துப் பதினான்கு வருஷம் ஆகப் போன நேரம் அது. சுட வேண்டியதை அரசாங்கம் சம்பளத்துக்கு வைத்திருந்த ஆட்களே சுட்டார்கள்.

ஐயா இருந்த காலத்தைப் பற்றி இன்னும் யாருக்காவது ஏக்கம் மிச்சமிருந்தால், அரசாங்கத்தின் நில ஆவண இணையதளத்தில் அ-பதிவேடு இருக்கிறது. ஊரைத் தேர்ந்தெடுத்து, புல எண்ணைப் போட்டால் வரும். பைசா செலவில்லை. ஒவ்வொரு புலமாகப் போட்டு, பட்டா யார் பெயரில் என்று பாருங்கள். பெரியவர்களுக்குக் கண் தெரியாவிட்டால் பேரன்கள் வாசித்துக் காட்டலாம்.